புயல் நாளில் வானொலி: அறிக்கையைப் பிடிப்பதும் படிப்பதும்

புயல் அடிக்கும் இரவில் முதலில் போவது மின்சாரம். அடுத்து வைஃபை. கைபேசிக் கோபுரங்களின் பேட்டரி சில மணி நேரம் தாங்கும், பிறகு அவையும் ஓயும். 2016 டிசம்பர் 12 அன்று வர்தா சென்னைக்கு அருகே கரை கடந்தபோது நகரம் முழுக்க இதுதான் நடந்தது. பல பகுதிகளுக்கு மின்சாரம் திரும்ப நாட்கணக்கானது. அப்படிப்பட்ட நேரத்திலும் வேலை செய்யக்கூடியது ஒரு சின்ன டிரான்சிஸ்டர்தான். அதைப் பரணிலிருந்து இறக்கித் தயார் செய்வது, நிலையத்தைப் பிடிப்பது, அதில் வாசிக்கப்படும் அறிக்கையைப் பொருள் புரிந்து கேட்பது ஆகிய மூன்றையும் இங்கே சொல்கிறோம். மூன்றாவதுதான் நீளமானது. வானிலை அறிக்கையில் வரும் 'ஓரிரு', 'மிக கன', 'இடையிடையே' எதுவும் அலங்காரத்துக்காகப் போட்ட சொல் அல்ல. ஒவ்வொன்றுக்கும் பின்னால் ஓர் எண் இருக்கிறது.

அமெரிக்காவில் வானிலைக்கென்றே 24 மணி நேரமும் ஒலிக்கும் தனி வானொலி உண்டு, 162.400 முதல் 162.550 மெகா ஹெர்ட்ஸ் வரை. அங்கிருந்து உறவினர் வாங்கி வந்த பெட்டியில் 'டபிள்யு.பி' என்று ஒரு பொத்தான் இருக்கலாம். அது இங்கே எதையும் பிடிக்காது. நம் ஊரில் அறிக்கை தயாராவது நுங்கம்பாக்கம் கல்லூரிச் சாலையில் உள்ள மண்டல வானிலை ஆய்வு மையத்தில். அங்கிருந்து அகில இந்திய வானொலிக்குப் போய், வழக்கமான நிகழ்ச்சிகளுக்கு நடுவே வாசிக்கப்படுகிறது. நுங்கம்பாக்கத்தில் வானாய்வுக் கூடம் 1792இல் எழுந்தது. மண்டல மையம் 1945 முதல் இயங்குகிறது. சென்னைத் துறைமுகத்தில் உள்ள டாப்ளர் ரேடார் 2002இல் வந்தது, நாட்டிலேயே வானிலைத் துறைக்கு முதலாவது.

பெட்டியைத் தயார் செய்தல்

மீடியம் வேவ், எஃப்.எம் இரண்டும் உள்ள, செல்லில் ஓடும் பெட்டி வேண்டும். யு.எஸ்.பியில் மட்டும் சார்ஜ் ஆகும் மாடல்கள் அழகாக இருக்கும், ஆனால் மூன்றாம் நாள் இரவு பயன்படாது. பெரிய செல் போடும் பெட்டி கிடைத்தால் அதையே எடுங்கள். நடுத்தர ஒலியில் சின்ன ரேடியோ ஏறக்குறைய 40 மில்லி ஆம்பியர் இழுக்கும். சாதாரணப் பெரிய செல்லில் அது நூறு மணி நேரம் போலத் தாங்கும். பென்சில் செல் என்றால் 12 முதல் 20 மணி நேரம். ஒலியைக் கூட்டி வைத்தால் இரண்டுமே குறையும். எனவே பென்சில் செல் பெட்டிக்கு மாற்றுச் செல் மூன்று செட், பெரிய செல் பெட்டிக்கு ஒரு செட் வாங்கி வையுங்கள். புதுச் செல்லையும் பழையதையும் கலந்து போடக்கூடாது. பழையது முதலில் தீர்ந்து, மற்றவை அதன் வழியே மின்சாரத்தைத் தள்ளும்போது ஒழுகத் தொடங்கும்.

பழைய பெட்டி பாடாததற்குப் பெரும்பாலும் காரணம் செல் அறையில் பூத்த வெள்ளை அல்லது பச்சைப் பொருக்குதான். சாதாரணச் செல் ஒழுகியிருந்தால் கசிவு அமிலத் தன்மை உடையது. சமையல் சோடாவைத் தண்ணீரில் குழைத்துப் பஞ்சுக் குச்சியால் துடையுங்கள். ஆல்கலைன் செல்லாக இருந்தால் நேர் எதிர், அது காரம். அதற்கு வினிகரோ எலுமிச்சைச் சாறோ தொட்டுத் துடைக்க வேண்டும். காய்ந்த பிறகு மெல்லிய உப்புத்தாளால் தகட்டையும் சுருள் கம்பியையும் பளபளவென்று வரும்வரை தேயுங்கள். தேய்த்தும் கரகரவென்றால் ஒலிக் குமிழில் தூசி சேர்ந்திருக்கும். பெட்டியை அணைத்துவிட்டுக் குமிழை முழுவதும் இப்படியும் அப்படியும் இருபது முறை திருப்பினால் பாதிக்கு மேல் சரியாகிவிடும்.

இதையெல்லாம் அக்டோபர் நடுவில், வடகிழக்குப் பருவமழை தொடங்கும் முன்பே முடித்துவிட வேண்டும். புயல் அறிவித்த அன்று கடைக்குப் போனால் மெழுகுவர்த்தியும் இருக்காது, செல்லும் இருக்காது.

நிலையத்தைப் பிடித்தல்

சென்னை வானொலியின் முதல் அலைவரிசை மீடியம் வேவில் 720 கிலோ ஹெர்ட்ஸ். முள் உள்ள பெட்டியில் 700ஐத் தாண்டிக் கொஞ்சம் வலப்பக்கம். எஃப்.எம்மில் ரெயின்போ 101.4. இரண்டையும் இந்த வாரமே போட்டுப் பார்த்து, முள் நிற்கும் இடத்தில் ஒரு துண்டு டேப் ஒட்டி வையுங்கள். இருட்டில் தேட வேண்டியிருக்காது. மாநிலச் செய்தி வரும் நேரங்களைக் கேட்டு, பெட்டியின் முதுகிலேயே எழுதி ஒட்டுங்கள்.

இரண்டு அலையும் எதற்கு என்று கேட்கலாம். எஃப்.எம் தெளிவானது, ஆனால் நேர்கோட்டில்தான் போகும். கோபுரத்துக்கு ஏதாவது நேர்ந்தால் அந்த நிலையம் போனது போனதுதான், வேறு ஊரின் எஃப்.எம் இங்கே எட்டாது. மீடியம் வேவ் தரையை ஒட்டி நெடுந்தூரம் வரும். இருட்டிய பின் வானத்தில் பட்டுத் திரும்பி இன்னும் தூரம் வரும். சென்னை நிலையம் நின்றுபோனாலும் இரவில் திருச்சியை 936இலும் புதுச்சேரியை 1215இலும் தேடிப் பிடிக்கலாம். இங்கே ஒரு சிக்கல். டிஜிட்டல் பெட்டி மீடியம் வேவில் 9 கிலோ ஹெர்ட்ஸ் படியாக நகர வேண்டும். அமெரிக்க மாடல்கள் 10 படியாக நகரும். 720 இரண்டு கணக்கிலும் அகப்பட்டுவிடும், அதனால் பெட்டி சரியாக இருக்கிறது என்றே நினைப்பீர்கள். 936க்குப் போனால் 930இல் நிற்கும் அல்லது 940இல் நிற்கும். பல பெட்டிகளில் இதை மாற்றும் வசதி உண்டு. முன்கூட்டியே மாற்றி வையுங்கள்.

மீடியம் வேவுக்கு வெளியே நீட்டும் கம்பி உதவாது. அதன் ஆன்டெனா பெட்டிக்குள்ளே படுத்திருக்கும் கறுப்பு ஃபெரைட் தண்டு. தண்டின் பக்கவாட்டு நிலையத்தைப் பார்த்தால் ஒலி கூடும், முனை பார்த்தால் குறையும். ஆகவே பெட்டியை மேசையில் வைத்து மெதுவாகச் சுழற்றுங்கள். கால் சுற்றில் வித்தியாசம் தெரியும். கான்கிரீட் அடுக்ககத்தில் நடுக்கூடத்தைவிட சன்னலோரம் நல்லது. இரும்பு பீரோவுக்கும் ஃபிரிட்ஜுக்கும் பக்கத்தில் வைக்காதீர்கள். 'உர்' என்ற இரைச்சல் வந்தால் எல்.இ.டி பல்பு, சார்ஜர், இன்வெர்ட்டர் என்று ஒவ்வொன்றாக அணைத்துப் பாருங்கள். பெரும்பாலும் குற்றவாளி இன்வெர்ட்டர்தான். மின்சாரம் போனதும் இன்வெர்ட்டர் ஓடத் தொடங்கும், ரேடியோவை மூழ்கடிக்கும். ஆளோ 'புயலால் நிலையம் போச்சு' என்று முடிவு கட்டிவிடுவார். ரேடியோவை வேறு அறைக்குக் கொண்டுபோனால் போதும்.

மின்னல் அடிக்கும்போது கம்பியை வெளியே இழுத்துக் கட்டி ஆன்டெனா நீளம் கூட்ட வேண்டாம். மின்னல் ஒவ்வொன்றும் மீடியம் வேவில் ஒரு 'கறக்' சத்தமாகக் கேட்கும். அது அடுக்கடுக்காக வந்தால் இடிமேகம் அருகில் இருக்கிறது என்று பொருள்.

கைபேசியில் எஃப்.எம் இருந்தால் வயர் உள்ள இயர்போனைச் செருக வேண்டும், அந்த வயர்தான் ஆன்டெனா. புது மாடல்கள் பலவற்றில் எஃப்.எம் கிடையாது. இணையம் வழியே வானொலி கேட்கும் செயலியை இதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். இணையம் இல்லாவிட்டால் அது பாடாது.

பென்சிலோடு கேட்டல்

வானிலை நிலையங்கள் உலகெங்கும் மூன்று மணி நேரத்துக்கு ஒருமுறை ஒரே நேரத்தில் அளவெடுக்கின்றன. நம் கடிகாரத்தில் அது அதிகாலை 2.30, 5.30, காலை 8.30, 11.30, பிற்பகல் 2.30, மாலை 5.30, இரவு 8.30, 11.30. புயல் அறிக்கை இந்த நேரங்களை ஒட்டியே எழுதப்படுகிறது. அளவு சேர்ந்து, வரைபடம் போட்டு, அறிக்கை வெளியாக ஒன்றரை மணி நேரம் போல ஆகலாம். அதை நீங்கள் கேட்கும்போது இன்னும் தாமதமாகியிருக்கும். புயல் ரேடார் பார்வைக்குள் வந்து கரையை நெருங்கினால் மணிக்கொரு முறை நிலவரம் வரும்.

ஆகவே அறிக்கையில் முதலில் குறிக்க வேண்டியது, 'பிற்பகல் 2.30 மணி நிலவரப்படி' என்று வரும் அந்த நேரம். நீங்கள் கேட்ட நேரத்தை எழுதினால் கணக்கு முழுவதும் பிசகும். மணிக்கு 15 கி.மீ வேகத்தில் நகரும் புயல், இரண்டு மணி நேரத்தில் 30 கி.மீ நெருங்கிவிட்டிருக்கும். வாட்ஸ்அப்பில் சுற்றும் அறிக்கைகளிலும் இதுதான் கோளாறு. அறிக்கை எண்ணும் தேதியும் நேரமும் வெட்டப்பட்ட படம் நேற்றையதா, போன வருடத்ததா என்று யாருக்கும் தெரியாது. அப்படி வந்ததை அடுத்தவருக்கு அனுப்பாதீர்கள்.

வரிசையாக எழுத வேண்டியவை: நேரம், இடம், எந்தத் திசையில் எவ்வளவு வேகம், இப்போது எந்த நிலை, எங்கே எப்போது கரை கடக்கும், காற்றின் வேகம், எந்த மாவட்டங்கள். ஏழு வரி. முதல் வாசிப்பில் எல்லாம் பிடிபடாது. அடுத்த வாசிப்பில் விட்டதை நிரப்பிக்கொள்ளலாம்.

மழையின் அளவுச் சொற்கள்

மழை நாள் என்பது காலை 8.30 முதல் மறுநாள் காலை 8.30 வரை. 3ஆம் தேதிக்கு எச்சரிக்கை என்றால் 4ஆம் தேதி விடியற்காலையும் அதில் அடக்கம். இது தெரியாமல், 'மூணாம் தேதி ராத்திரி பன்னிரண்டோட முடிஞ்சுது' என்று வண்டியை மறுபடியும் தரைத்தளத்தில் நிறுத்துகிறவர்கள் உண்டு.

24 மணி நேரத்தில் 2.5 முதல் 15.5 மி.மீ வரை லேசான மழை. 64.4 மி.மீ வரை மிதமான மழை. 64.5 முதல் 115.5 வரை கனமழை. 115.6 முதல் 204.4 வரை மிக கனமழை. அதற்கு மேல் அதி கனமழை. பேச்சில் கனமழையும் மிக கனமழையும் ஒன்றுபோலக் கேட்கும், தண்ணீரில் கணக்குப் பார்த்தால்தான் வித்தியாசம் உறைக்கும். ஒரு மி.மீ மழை ஒரு சதுர மீட்டரில் ஒரு லிட்டர். ஒரு கிரவுண்டு மனை 223 சதுர மீட்டர். அதில் 10 செ.மீ பெய்தால் 22,300 லிட்டர், அதாவது 12,000 லிட்டர் தண்ணீர் லாரி கிட்டத்தட்ட இரண்டு. 20 செ.மீ என்றால் நான்கு லாரித் தண்ணீரை உங்கள் மனையில் மட்டும் கொட்டியதற்குச் சமம். தெருவும் பக்கத்து மனைகளும் தனி.

பரப்பைச் சொல்லும் சொற்களும் இப்படித்தான். 'ஓரிரு இடங்களில்' என்றால் அந்தப் பகுதியின் மழைமானி நிலையங்களில் கால்வாசி வரை. 'சில இடங்களில்' என்றால் பாதி வரை. 'பல இடங்களில்' முக்கால்வாசி வரை. 'பெரும்பாலான இடங்களில்' என்றால் அதற்கும் மேல். 'ஓரிரு இடங்களில் மழை' என்ற நாளில் உங்கள் தெரு காய்ந்து கிடப்பதற்கே வாய்ப்பு அதிகம். அன்று அம்பத்தூரில் கொட்டி அடையாறில் தூறலும் இல்லாவிட்டால் அறிக்கை பொய்த்துவிடவில்லை.

ஆனால் 'பெரும்பாலான இடங்களில் மிதமான மழை, ஓரிரு இடங்களில் அதி கனமழை' என்று ஒரே வாக்கியத்தில் வந்தால் பின்பாதியைக் கவனியுங்கள். அந்த ஓரிரு இடம் எது என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது. 2015 டிசம்பர் 2 காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் 49 செ.மீ, செம்பரம்பாக்கத்தில் 47, நுங்கம்பாக்கத்தில் 29. ஒரே நகரம், ஒரே மழை.

நிறங்களைப் பற்றியும் ஒரு குழப்பம் தீர வேண்டும். பச்சை என்றால் எச்சரிக்கை இல்லை. மஞ்சள் என்றால் நிலவரத்தைக் கவனித்துக்கொண்டிருங்கள். ஆரஞ்சு என்றால் தயாராகுங்கள். சிவப்பு என்றால் செயல்படுங்கள். நிறம் மழையளவை மட்டும் குறிப்பதில்லை, அதனால் விளையக்கூடிய பாதிப்பையும் சேர்த்துக் குறிக்கிறது. மண் ஏற்கெனவே ஊறி, ஏரிகள் நிரம்பி நிற்கும்போது அதே அளவு மழை கூடுதல் சேதம் செய்யும்.

தாழ்வுப் பகுதியிலிருந்து புயல் வரை

பத்திரிகைகள் எல்லாவற்றையும் 'புயல் சின்னம்' என்றுவிடும். அறிக்கை அப்படிச் சொல்லாது. காற்றழுத்தத் தாழ்வுப் பகுதியில் காற்று மணிக்கு 31 கி.மீட்டருக்குக் கீழே. 31 முதல் 49 வரை காற்றழுத்தத் தாழ்வு மண்டலம். 50 முதல் 61 வரை ஆழ்ந்த காற்றழுத்தத் தாழ்வு மண்டலம். 62ஐத் தொட்டால்தான் புயல், அப்போதுதான் பெயர் சூட்டுவார்கள். 89இலிருந்து தீவிர புயல். 118இலிருந்து அதி தீவிர புயல். அதற்கு மேலும் இரண்டு படி உண்டு, 222ஐத் தாண்டினால் சூப்பர் புயல். 'பகுதி', 'மண்டலம்' இரண்டும் காதில் ஒன்றாக விழும். ஒரு படி வித்தியாசம் என்பதால் கவனித்து எழுதுங்கள்.

'மணிக்கு 80 முதல் 90 கி.மீ வேகத்திலும், இடையிடையே 100 கி.மீ வேகத்திலும்' என்பதில் முதல் எண் மூன்று நிமிடச் சராசரி. 'இடையிடையே' என்பது திடீரென்று வீசும் உச்ச வேகம். கூரைத் தகட்டைப் பிடுங்குவதும் மரத்தைச் சாய்ப்பதும் அந்த இரண்டாவது எண்தான். மொட்டைமாடித் தொட்டி மூடி, விளம்பரப் பலகை, சோலார் தகடு எல்லாவற்றையும் அந்த எண்ணுக்கு ஏற்பக் கட்டுங்கள். வெளிநாட்டுச் செயலிகளில் வேகம் கூடுதலாகத் தெரிந்தால் பதற வேண்டாம். அமெரிக்கக் கணக்கில் ஒரு நிமிடச் சராசரி எடுப்பார்கள், வேகத்தை 'நாட்' என்ற அலகில் சொல்வார்கள். ஒரு நாட் 1.852 கி.மீ.

இந்தப் படிநிலையெல்லாம் காற்றுக்கு மட்டும்தான். மழைக்கு இதில் இடமில்லை, இதைவிட முக்கியமான ஒன்று இந்தக் கட்டுரையிலேயே இல்லை. 'வலுவிழந்தது' என்று வாசித்தால் காற்று தணிகிறது என்றுதான் பொருள். 2015இல் தாம்பரத்தில் 49 செ.மீ கொட்டிய அன்று புயலே இல்லை. பெயரும் இல்லை. வெறும் தாழ்வுப் பகுதி. 2023 டிசம்பரில் மிக்ஜாம் கரை கடந்தது ஆந்திரத்தின் பாபட்லா அருகே, ஆனால் அதற்கு முந்தைய நாள்களில் கடலோரம் மெதுவாக நகர்ந்தபோதே சென்னையை மூழ்கடித்துவிட்டது. 'எங்கோ கரை கடக்குது, நமக்கென்ன' என்று ரேடியோவை அணைக்கக் கூடாது. அறிக்கையில் நகரும் வேகம் 10 கி.மீட்டருக்குக் கீழே இறங்கினாலோ, 'ஏறத்தாழ நிலைகொண்டுள்ளது' என்று வந்தாலோ மழைக்குத் தயாராகுங்கள்.

எச்சரிக்கையும் நான்கு கட்டமாக வரும். சுமார் 72 மணி நேரம் முன்பு கண்காணிப்பு அறிவிப்பு, குறைந்தது 48 மணி நேரம் முன்பு உஷார்நிலை, 24 மணி நேரம் முன்பு எச்சரிக்கை, 12 மணி நேரம் முன்பு, கரை கடந்த பிறகு நிலவரம் எப்படி இருக்கும் என்ற முன்னறிவிப்பு. வீட்டு வேலையையும் இதோடு பிணைத்துக்கொள்ளலாம். முதல் கட்டத்தில் மருந்து, செல். இரண்டாவதில் மாடியும் மழைநீர் வடிகால் வாயும். மூன்றாவதில் மேல்தொட்டியை நிரப்பி, வண்டியை மேடான இடத்துக்கு மாற்றுங்கள். நான்காவதில் வெளியே போகாதீர்கள்.

தாளில் புயலை வரைதல்

பள்ளிக்கூட வரைபடத் தாள், அளவுகோல், கவராயம் போதும். தாளைக் கிடைமட்டமாக வைத்து, கீழ்க்கோட்டில் கிழக்குத் தீர்க்கரேகை 78 முதல் 90 வரை, இடக்கோட்டில் வட அட்சரேகை 8 முதல் 17 வரை, ஒரு பாகைக்கு 2 செ.மீ வீதம் குறியுங்கள். ஒரு அட்சப் பாகை 111 கி.மீ, நம் பக்கத்தில் தீர்க்கப் பாகை 108 கி.மீ. ஆகவே தாளில் 1 செ.மீ என்பது 55 கி.மீ என்றே வைத்துக்கொள்ளலாம். சென்னையை 13.1, 80.3இல் குறியுங்கள். புதுச்சேரி 11.9, 79.8. நாகப்பட்டினம் 10.8, 79.8. ஸ்ரீஹரிகோட்டா 13.7, 80.2.

அட்சமும் தீர்க்கமும் வாசித்தால் நேராகப் புள்ளி வைக்கலாம். வானொலியில் பெரும்பாலும் தொலைவுதான் வரும். உதாரணத்துக்கு, சென்னையிலிருந்து 460 கி.மீ, நாகப்பட்டினத்திலிருந்து 455 கி.மீ என்கிறார்கள் என்று வையுங்கள். 460ஐ 55ஆல் வகுத்தால் 8.4 செ.மீ, கவராயத்தை அவ்வளவு விரித்துச் சென்னையை மையமாக வைத்து ஒரு வில். நாகையிலிருந்து 8.3 செ.மீட்டரில் இன்னொரு வில். இரண்டும் இரண்டு இடத்தில் வெட்டும், கடலில் விழுவதுதான் புயல். இங்கே அது ஏறக்குறைய 11.0, 84.0.

ஆறு மணி நேரம் கழித்து சென்னையிலிருந்து 375, நாகையிலிருந்து 385 என்று வந்தால் புதுப் புள்ளி 11.4, 83.3 பக்கம் விழும். இரண்டு புள்ளிக்கும் இடையே 1.6 செ.மீ, அதாவது 88 கி.மீ. ஆறால் வகுத்தால் மணிக்கு 15 கி.மீ. இரண்டு புள்ளிகளையும் இணைத்துக் கோட்டை நீட்டினால் அது நேராகச் சென்னையில் முட்டும். 375ஐ 15ஆல் வகுத்தால் 25 மணி நேரம்.

இந்தக் கோட்டை அப்படியே நம்பிவிடக் கூடாது. புயல் வளையும், வேகம் மாறும், நிற்கும். வானிலைத் துறையின் 24 மணி நேரப் பாதைக் கணிப்பிலேயே சராசரியாக 70, 80 கி.மீ விலகல் இருக்கும். அது கிட்டத்தட்ட சென்னைக்கும் ஸ்ரீஹரிகோட்டாவுக்கும் உள்ள தூரம். நீங்கள் வரைவது அறிக்கையைத் திருத்த அல்ல. 'நேற்றைவிட வடக்கே திரும்பியிருக்கிறது', 'வேகம் பாதியாகிவிட்டது' என்பதைக் கண்ணால் பார்க்கத்தான். மூன்று புள்ளி வைத்த பிறகு அடுத்த அறிக்கை முன்பைவிட நன்றாகப் புரியும்.

நமக்கு வடக்கிலா, தெற்கிலா

சென்னைக்கு இந்தக் கேள்வியே பெரிய கேள்வி. நம் பக்கப் புயலில் காற்று கடிகார முள்ளுக்கு எதிர்த்திசையில் சுழலும். மேற்கே வரும் புயல் நமக்குத் தெற்கே, மாமல்லபுரம் பக்கம் கடந்தால் நமக்குக் கிடைப்பது கடலிலிருந்து அடிக்கும் காற்று. அலை ஏறும், கடல் நீர் உள்ளே வரும், கூவமும் அடையாறும் கடலில் வடிய முடியாமல் தேங்கும். வடக்கே ஸ்ரீஹரிகோட்டா பக்கம் கடந்தால் காற்று தரையிலிருந்து கடலுக்கு. கடல் ஏற்றம் குறையும். ஆனால் மழையும் குறையும் என்று சொல்ல முடியாது.

காற்றின் திசையை வைத்து நீங்களே இதைக் கண்டுகொள்ளலாம். காற்றுக்கு முதுகைக் காட்டி நின்றால் புயலின் மையம் உங்கள் இடப்பக்கம். வடகிழக்கிலிருந்து தொடங்கிக் கிழக்கு, தென்கிழக்கு என்று காற்று மாறிக்கொண்டே போனால் புயல் தெற்கே கடக்கிறது. வடக்கு, வடமேற்கு, மேற்கு என்று மாறினால் வடக்கே கடக்கிறது. திசை மாறாமல் வேகம் மட்டும் ஏறிக்கொண்டே போனால் நேராக உங்களை நோக்கி வருகிறது. அடித்துக்கொண்டிருந்த காற்று சட்டென்று ஓய்ந்தால் நீங்கள் புயலின் 'கண்' எனப்படும் அமைதியான மையத்துக்குள் இருக்கலாம். கொஞ்ச நேரத்தில் எதிர்த்திசையிலிருந்து அதே வேகத்தில் திரும்ப அடிக்கும். முதல் பாதியில் ஒருபக்கம் சாய்ந்து ஆட்டம் கண்ட மரம் விழுவது பெரும்பாலும் அப்போதுதான். கிளையை அகற்ற வெளியே வராதீர்கள்.

துறைமுகத்தில் ஏற்றும் புயல் எச்சரிக்கைக் கூண்டின் எண்ணும் இதையே சொல்கிறது. 1 என்றால் தொலைவில் புயல் உருவாகக்கூடிய நிலை. 2 என்றால் தொலைவில் புயல் உருவாகிவிட்டது. 3, 4 துறைமுகத்துக்கே உரிய எச்சரிக்கை. 5, 6, 7 அபாயம். 8, 9, 10 பெரும் அபாயம். 11 என்றால் வானிலை மையத்தோடு தொடர்பே அறுந்துவிட்டது. 5க்கும் 6க்கும் அபாயத்தில் கூடுதல் குறைவு இல்லை, பக்கம்தான் வேறு. 5 என்றால் புயலின் பாதைக்கு இடப்பக்கம் துறைமுகம் இருக்கிறது. மேற்கு நோக்கி வரும் புயலுக்கு இடப்பக்கம் தெற்கு, ஆக புயல் நமக்கு வடக்கே கடக்கும். 6 என்றால் தெற்கே. 7 துறைமுகத்தின் மீதோ மிக அருகிலோ. 8, 9, 10க்கும் இதே வரிசைதான், தீவிர புயலுக்கு. 'துறைமுகத்தின் இடதுபக்கமாகக் கடக்கும்' என்று செய்திகளில் எழுதும்போது யாருக்கு இடது என்பது தொலைந்துவிடுகிறது. புயலின் முதுகில் ஏறி உட்கார்ந்து பார்ப்பதாக நினைத்துக்கொண்டால் குழப்பம் வராது.

படகில் இருப்பவர்களுக்கு

கடலில் எஃப்.எம் சீக்கிரம் மங்கிவிடும். மீடியம் வேவ் அப்படி அல்ல. உப்புநீர் மின்சாரத்தை நன்றாகக் கடத்தும் என்பதால் தரையைவிடக் கடல்மேல் அந்த அலை நெடுந்தூரம் வலுக் குறையாமல் போகும். காசிமேட்டிலிருந்து போய்ப் பல நாள் கடலிலேயே தங்கல் போடும் விசைப்படகில் 720ஐப் பிடிக்கும் பெட்டி ஒன்று கட்டாயம் இருக்க வேண்டும், மாற்றுச் செல்லோடு, இரட்டை பாலித்தீன் பையில். வி.எச்.எஃப் கருவியில் அவசரத்துக்கும் அழைப்புக்கும் சேனல் 16. கையில் பிடிக்கும் 5 வாட் கருவி தாழ்வான படகிலிருந்து சில கடல் மைல்தான் எட்டும். ஆன்டெனா உயரம் கூடினால்தான் தூரம் கூடும்.

அறிக்கையில் 'தென்மேற்கு வங்கக் கடல்', 'மன்னார் வளைகுடா', 'குமரிக் கடல்' என்று கடற்பகுதியைப் பிரித்துச் சொல்வார்கள். 'ஏற்கெனவே கடலில் இருப்பவர்கள் கரை திரும்ப வேண்டும்' என்று வரும் வரி 'செல்ல வேண்டாம்' என்பதைவிட அவசரமானது. 2017 நவம்பர் 30 அன்று ஒக்கி, தாழ்வு மண்டலமாக இருந்து மிகக் குறைந்த நேரத்தில் புயலானது. பல நாள் தங்கலுக்குப் போன படகுகள் அப்போது ஆழ்கடலில் இருந்தன. புறப்பட்ட அன்று வானம் தெளிவாக இருந்தது என்பதை வைத்து ஐந்தாம் நாளை முடிவு செய்ய முடியாது. பருவமழைக் காலத்தில் தினமும் இரண்டு முறையாவது அறிக்கை கேட்க ஒருவரை நியமியுங்கள். கடலோரக் காவல்படையின் மீட்பு எண் 1554.

கைபேசி எச்சரிக்கை

கோபுரம் உயிரோடு இருக்கும்வரை கைபேசியும் உதவும். பேரிடர் எச்சரிக்கை, கோபுரத்தின் எல்லைக்குள் உள்ள எல்லாக் கைபேசிகளுக்கும் ஒரே நேரத்தில் அனுப்பும் செல் பிராட்காஸ்ட் முறையில் வரும்போது, சைலண்டில் இருந்தாலும் அலறும், திரையில் தமிழில் செய்தி வரும். அமைப்புகளில் அவசர எச்சரிக்கை என்ற பகுதியைத் திறந்து எல்லாம் இயக்கத்தில் இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். சத்தம் எரிச்சலாக இருக்கிறது என்று அணைத்து வைப்பவர்கள் நிறைய பேர். மின்சாரம் போனதும் திரை வெளிச்சத்தைக் குறைத்து, டேட்டாவை அணைத்து, அழைப்புக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். செய்திக்கு ரேடியோ இருக்கிறது. மாநகராட்சி 1913, மாவட்டக் கட்டுப்பாட்டு அறை 1077, மாநிலம் 1070. இவற்றையும் பெட்டியின் முதுகில் எழுதுங்கள்.

கரை கடந்த பிறகு

'கரையைக் கடக்கத் தொடங்கியது', 'கடந்துகொண்டிருக்கிறது', 'முழுமையாகக் கடந்தது' மூன்றும் வேறு வேறு. இடையே பல மணி நேரம் ஆகலாம். முழுமையாகக் கடந்த பிறகும் முடிந்துவிடுவதில்லை. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புதுச்சேரி அருகே கரை ஏறி, நகராமல் அங்கேயே நின்று மறுநாளும் கொட்டியது.

அடுத்த இரண்டு நாள் கேட்க வேண்டியது ஏரி நிலவரம். செம்பரம்பாக்கத்தின் முழு உயரம் 24 அடி, கொள்ளளவு 3,645 மில்லியன் கன அடி. உபரி நீர் அடையாற்றில் வரும். பூண்டியில் திறந்தால் கொசஸ்தலையாற்றில். 'விநாடிக்கு இத்தனை கன அடி' என்ற எண்ணைத் தேதி, நேரத்தோடு குறித்துக்கொண்டு, அடுத்த அறிவிப்பில் கூடுகிறதா குறைகிறதா என்று பாருங்கள். மழை விட்டு வெயில் அடித்துக்கொண்டிருக்கும்போதும் ஆற்றங்கரைத் தெருக்களில் நீர் ஏறும், ஏனென்றால் அது மேலே நேற்றுப் பெய்தது. கரையோரம் இருப்பவர்கள் திறப்பு அளவு இறங்கத் தொடங்கியது என்று கேட்கும்வரை மாடியிலிருந்து சாமான்களை இறக்க வேண்டாம்.

ஜனவரியில் பருவமழை விலகியதாக அறிவித்ததும் பெட்டியிலிருந்து செல்லைக் கழற்றி, தனியே ஒரு உறையில் போட்டு, அதன் கூடவே வையுங்கள். உள்ளேயே விட்டால் அடுத்த அக்டோபரில் மறுபடியும் உப்புத்தாள் தேட வேண்டிவரும்.